புகார்தாரர் ஒரு நாள் ஆஜராகாததால் எதிரி விடுதலை: காசோலை வழக்கில் மேல்முறையீட்டுக்கு வழி என்ன?

கரூர் ஜவுளிக்காரர்

அனைவருக்கும் வணக்கம். கரூரில் படுக்கை விரிப்பும் தலையணை உறையும் தைத்து அனுப்பும் சிறு தொழில் செய்து வருகிறேன். பல வருடப் பழக்கமுள்ள நாமக்கல் வியாபாரி ஒருவருக்குக் கடனில் சரக்கு அனுப்பியதற்காக அவர் 14.3.2022 தேதியிட்டு 6,40,000 ரூபாய்க்குக் காசோலை கொடுத்தார். வங்கியில் போட்டபோது, கணக்கில் போதிய பணம் இல்லை என்ற குறிப்புடன் 17.3.2022 அன்று அது திரும்பி வந்தது. ஏப்ரல் 4-ஆம் தேதி வக்கீல் நோட்டீஸ் அனுப்பினேன். 7-ஆம் தேதி கையெழுத்திட்டு வாங்கிக்கொண்டவர் பதிலும் தரவில்லை, பணமும் தரவில்லை. எனவே மே 16-ஆம் தேதி, மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆம் பிரிவின்படி இங்குள்ள நடுவர் நீதிமன்றத்தில் புகார் தாக்கல் செய்தேன்.

மூன்று வருடங்களுக்கும் மேலாக வாய்தாவுக்குப் போய்க்கொண்டிருந்தேன். கடந்த 21.8.2025 அன்று அதிகாலையில் என் தாயார் குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்துவிட்டதால், ஆம்புலன்சில் திருச்சிக்கு அழைத்துச் சென்றேன். போகும் வழியிலேயே என் வக்கீலுக்குக் குறுஞ்செய்தி அனுப்பினேன். அவர் அன்று வேறொரு நீதிமன்றத்தில் இருந்தார். அவருடைய ஜூனியர், நான் வராததை மன்னிக்கக் கோரும் மனுவை எடுத்துக்கொண்டு வந்து சேர்ந்தபோது மணி பன்னிரண்டு ஆகியிருந்தது. அதற்குள் வழக்கைக் கூப்பிட்டு, நான் இல்லை என்று பதிவு செய்து, எதிரியை, அதாவது குற்றம் சாட்டப்பட்ட அந்த வியாபாரியை, விடுதலை செய்து உத்தரவு போட்டுவிட்டார்கள்.

மருத்துவமனை வராந்தாவில் நின்றுகொண்டு தொலைபேசியில் இந்தச் செய்தியைக் கேட்டபோது எனக்குக் கால்கள் தளர்ந்துவிட்டன. நான் கொடுத்த சரக்கு உண்மை, அவர் போட்ட கையெழுத்து உண்மை. இவை எதையும் விசாரிக்காமல், நான் ஒரு நாள் வரவில்லை என்பதற்காக அவர் குற்றமற்றவர் என்று ஆகிவிடுமா? மேல்முறையீடு செய்யலாம் என்று ஒருவர் சொல்கிறார். அதே நீதிமன்றத்திலேயே வழக்கைத் திரும்ப எடுக்கச் சொல்லலாம் என்று இன்னொருவர் சொல்கிறார். விவரம் தெரிந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

அச்சகத் தொழிலதிபர்

ஐயா, தங்கள் தாயார் விரைவில் குணமடைய வேண்டுகிறேன். சில வருடங்களுக்கு முன் நான் தொடுத்திருந்த சிவில் வழக்கு, நான் ஆஜராகாததால் தள்ளுபடியாகிவிட்டது. முப்பது நாளுக்குள் அதே நீதிமன்றத்தில் மனுப் போட்டு, செலவுத் தொகை கட்டி, வழக்கைக் கோப்புக்குத் திரும்பக் கொண்டுவந்தேன். தாங்களும் அதே நடுவரிடம் மருத்துவச் சான்றுடன் மனுக் கொடுத்தால் அவர் இரக்கம் காட்டக்கூடும். அது முடியாவிட்டால் அதே காசோலையை வைத்துப் புதிதாக ஒரு புகார் கொடுக்கலாம் என்பது என் எண்ணம்.

மதுரை வழக்கறிஞர்

அச்சகத் தொழிலதிபர் நல்லெண்ணத்தில் சொல்லியிருக்கிறார். ஆனால் சிவில் வழக்கில் உள்ள அந்த வசதி குற்றவியல் வழக்கில் இல்லை. இதை நம்பி நாட்களைக் கடத்திவிட்டு, கடைசியில் காலக்கெடுவையும் தவறவிட்டவர்களை நான் நேரில் பார்த்திருக்கிறேன் என்பதால் இதை முதலிலேயே அழுத்திச் சொல்கிறேன். கையெழுத்திட்ட உத்தரவில் எழுத்துப் பிழையையோ கணக்குப் பிழையையோ திருத்துவது தவிர வேறெந்த மாற்றமும் செய்ய நடுவருக்கு அதிகாரம் கிடையாது என்பது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 362-ஆம் பிரிவு. ஆஜராகாமைக்காகத் தள்ளுபடி செய்த புகாரை நடுவரே மீண்டும் உயிர்ப்பிக்க முடியாது என்பதை உச்ச நீதிமன்றம் 1986-லேயே தெளிவுபடுத்திவிட்டது. நடுவர் மனமிரங்கினாலும் அவர் கையில் அதிகாரம் இல்லை.

புதிய புகாரும் நிற்காது. தங்கள் வழக்கில் போடப்பட்டிருப்பது, புகார்தாரர் வராதபோது எதிரியை விடுவிக்க வழிசெய்யும் 256-ஆம் பிரிவின்படியான விடுதலை உத்தரவு. வெறும் தள்ளுபடி என்றால் அதற்குக் கணக்கு வேறு. விடுதலை என்ற சொல் உத்தரவில் வந்துவிட்டால், அது நிற்கும் வரை அதே குற்றத்துக்கு அவரை மீண்டும் விசாரிக்க 300-ஆம் பிரிவு தடையாக நிற்கும். அதோடு, நோட்டீஸ் கிடைத்துப் பதினைந்து நாள் முடிந்த பின் ஒரு மாதத்துக்குள் புகார் கொடுக்க வேண்டும் என்ற கெடுவும் 2022-லேயே கடந்துவிட்டது. உத்தரவைச் சரிபார்க்கும்படி மேல் நீதிமன்றத்தைக் கேட்கும் சீராய்வு மனுவும் வேண்டாம். மேல்முறையீடு செய்ய உரிமையுள்ளவர் அதைச் செய்யாமல் சீராய்வுக்குப் போனால் ஏற்கக் கூடாது என்று 401-ஆம் பிரிவின் 4-ஆம் உட்பிரிவு சொல்கிறது. ஆகவே தங்களுக்குத் திறந்திருக்கும் ஒரே கதவு மேல்முறையீடுதான்.

அந்தக் கதவு எங்கே இருக்கிறது என்பதில் அண்மையில் ஒரு பெரிய மாற்றம் நடந்திருக்கிறது. முன்பெல்லாம் தமிழ்நாட்டில் இத்தகைய வழக்குகளில் 378-ஆம் பிரிவின் 4-ஆம் உட்பிரிவின்படி, உத்தரவு தேதியிலிருந்து அறுபது நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனுப் போட்டு, அனுமதி கிடைத்த பிறகே மேல்முறையீடு நடக்கும். கரூர்க்காரர் என்றால் மதுரைக் கிளைக்கு வர வேண்டும். ஏப்ரல் 2025-ல் செலஸ்டியம் ஃபைனான்சியல் வழக்கில் உச்ச நீதிமன்றம், காசோலை திரும்பியதால் பண இழப்புக்கு ஆளான புகார்தாரர் சட்டத்தின் பார்வையில் பாதிக்கப்பட்டவரே என்றும், 372-ஆம் பிரிவின் வரம்புரையின்படி (பிரிவோடு சேர்த்து எழுதப்பட்ட கூடுதல் வாசகம்) அவர் யாருடைய அனுமதியும் இன்றி மேல்முறையீடு செய்யலாம் என்றும் தீர்ப்பளித்தது. அந்த வழக்கே சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போனதுதான். தண்டனை விதித்திருந்தால் எந்த நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு போகுமோ, அங்கேதான் இதுவும் போகும். நடுவர் நீதிமன்றத் தீர்ப்புக்கு அது அமர்வு நீதிமன்றம். ஆகவே தாங்கள் மதுரைக்கு வராமல் கரூரிலேயே மேல்முறையீடு செய்யலாம்.

இப்போது எனக்குத் தேவை இரண்டு விவரங்கள். 21-ஆம் தேதி வழக்கு எதற்காகப் போடப்பட்டிருந்தது? அதற்கு முந்தைய வாய்தாக்களில் யார் யார் வந்தார்கள், யார் வரவில்லை? காசோலையும் சரக்குப் பட்டியலும் இப்போதைக்கு ஒரு பக்கம் இருக்கட்டும். இத்தகைய மேல்முறையீட்டில் நீதிபதி முதலில் புரட்டிப் பார்ப்பது, ஒவ்வொரு வாய்தாவிலும் நடந்ததை எழுதி வைக்கும் நடுவரின் நாட்குறிப்பைத்தான்.

நாமக்கல் வாசகர்

வேறொரு காசோலை வழக்கில் மறுபக்கத்தில் எதிரியாக நின்றவன் என்ற முறையில் சிலவற்றைச் சொல்ல விரும்புகிறேன், யாரும் தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம். உறவினர் ஒருவருக்கு ஈடாக நான் கொடுத்து வைத்திருந்த நிரப்பப்படாத காசோலையை, கடன் அடைந்த பிறகும் திருப்பித் தராமல், பெரிய தொகையை எழுதி வங்கியில் போட்டு என்மேல் வழக்குத் தொடுத்தார்கள். நான்கு வருடம், ஒவ்வொரு வாய்தாவுக்கும் அதிகாலைப் பேருந்து பிடித்து, அன்றைய கூலியை விட்டுவிட்டு, வெளியூர் நீதிமன்ற வாசலில் நின்றிருக்கிறேன். நான் வராவிட்டால் பிடிவாரண்டு. புகார் கொடுத்தவர் வராவிட்டால் இன்னொரு வாய்தா. இது என்ன நியாயம்? அந்தச் சட்டப் பிரிவு இல்லாவிட்டால், வழக்கைப் போட்டுவிட்டு வீட்டில் இருந்துகொண்டே ஒருவரை ஆயுள் முழுவதும் அலையவிட முடியும். கரூர் ஐயாவின் நிலைமை உண்மையானது என்று நம்புகிறேன். ஆனாலும் இந்தப் பிரிவு ஏன் இருக்கிறது என்பதையும் இங்கே பதிவு செய்ய வேண்டும் என்று தோன்றியது.

மதுரை வழக்கறிஞர்

நாமக்கல் வாசகர் சொன்னதில் எனக்கு முழு உடன்பாடு. அந்தப் பிரிவின் நோக்கமே அவர் சொன்னதுதான் என்று 1998-ல் வெளியான அசோசியேட்டட் சிமெண்ட் கம்பெனி வழக்கின் தீர்ப்பு கூறுகிறது: புகார் கொடுத்துவிட்டு இழுத்தடிப்பவரிடமிருந்து எதிரிக்குப் பாதுகாப்பு. அதே தீர்ப்புதான், புகார்தாரர் வரவில்லை என்ற ஒரே காரணத்துக்காக நடுவர் கண்ணை மூடிக்கொண்டு விடுதலை செய்யக் கூடாது என்றும் சொல்கிறது. வழக்கைத் தள்ளிவைப்பது பொருத்தமா என்று அவர் யோசிக்க வேண்டும். அன்றைய நடவடிக்கைக்குப் புகார்தாரர் நேரில் இருப்பது உண்மையிலேயே அவசியமா என்றும் பார்க்க வேண்டும். இந்த இரண்டையும் யோசித்ததற்கான அடையாளம் உத்தரவில் இருக்கிறதா என்பதுதான் மேல்முறையீட்டின் கேள்வி.

கரூர் ஜவுளிக்காரர்

வழக்கறிஞர் அம்மாவுக்கு மிக்க நன்றி. நாமக்கல் நண்பரின் துன்பத்தைப் படித்தபோது, என் வழக்கிலும் சில நாட்கள் நான் வராமல் எதிரி வந்து காத்திருந்தது நினைவுக்கு வந்தது. அதை மறைக்க விரும்பவில்லை.

இன்று, நீதிமன்ற வழக்கு விவரங்களைக் காட்டும் இ-கோர்ட்ஸ் செயலியில் என் வழக்கின் பதினாறு இலக்க எண்ணைப் போட்டு ஒவ்வொரு வாய்தாவாகத் திறந்து ஒரு நோட்டில் எழுதினேன். 11.12.2023 அன்று என் சாட்சியத்தை எழுத்தில் தரும் முதல் விசாரணை பிரமாண வாக்குமூலம் தாக்கலாகி, காசோலை, வங்கிக் குறிப்பு, நோட்டீஸ், அஞ்சல் ஒப்புகை, இரண்டு சரக்குப் பட்டியல்கள் என ஆறு ஆவணங்கள் சான்றாவணங்களாகக் குறியீடு செய்யப்பட்டன. அதன் பிறகு எதிரி தரப்புக் குறுக்கு விசாரணைக்காக வழக்கு ஒன்பது முறை போடப்பட்டது. அவற்றில் ஏழு முறை நான் சாட்சிக் கூண்டுக்குப் பக்கத்தில் தயாராக நின்றிருக்கிறேன். ஒவ்வொரு முறையும் எதிரியின் வக்கீல் அவகாசம் கேட்டு வாங்கினார். இரண்டு முறை நான் வரவில்லை, இரண்டுக்கும் மனு இருக்கிறது. பத்தாவது முறைதான் ஆகஸ்ட் 21.

உத்தரவு நகல் இன்னும் கைக்கு வரவில்லை. 25-ஆம் தேதி நகல் மனுப் போட்டிருக்கிறேன். என் சாட்சியம் ஏற்கனவே பதிவாகிவிட்டது என்பதால், நான் வர வேண்டிய அவசியமே அன்று இல்லை என்று வாதிடலாம் அல்லவா?

சட்டக் கல்லூரி மாணவி

மேடம், இதில் எனக்கு ஒரு சந்தேகம். குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக 1.7.2024 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 279-ஆம் பிரிவில், புகார்தாரர் ஆஜராவதற்கு முப்பது நாள் அவகாசம் கொடுத்த பிறகே விடுதலை செய்ய வேண்டும் என்று புதிதாகச் சேர்த்திருக்கிறார்கள். கரூர் ஐயாவுக்கு அந்த அவகாசம் கொடுக்கப்படவில்லை. அந்த ஒரு காரணத்தாலேயே உத்தரவு செல்லாது என்று சொல்ல முடியாதா?

மதுரை வழக்கறிஞர்

இரண்டு கேள்விகளுக்கும் நிதானமாகப் பதில் சொல்கிறேன். இரண்டிலும் அவசரப்பட்டால் வழக்கு பலவீனமாகும்.

மாணவியின் கேள்வி நல்ல கேள்வி. ஆனால் 1.7.2024 அன்று நிலுவையில் இருந்த விசாரணைகள் பழைய சட்டத்தின்படியே தொடர வேண்டும் என்று புதிய சட்டத்தின் 531-ஆம் பிரிவு சொல்கிறது. இந்தப் புகார் 2022-ல் போடப்பட்டது. எனவே நடுவர் பழைய 256-ஆம் பிரிவைப் பயன்படுத்தியதில் பிழை காண்பது கடினம். இன்றைய தேதியில் நாடாளுமன்றமே ஒரு மாத அவகாசம் தேவை என்று நினைக்கிறது என்பதைத் துணை வாதமாக ஒரு பத்தியில் சொல்லலாமே ஒழிய, மேல்முறையீட்டை அதன் மேல் கட்டக் கூடாது. 2024 ஜூலைக்குப் பிறகு புகார் தாக்கல் செய்தவர்கள் இதைப் படித்தால், அவர்களுக்கு அதுவே முதல் வாதம்.

கரூர் ஐயாவின் வாதத்தில் பாதிதான் சரி. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன ஒரு காசோலை வழக்கில் 2008-ல் உச்ச நீதிமன்றம், புகார்தாரர் தரப்புச் சாட்சியம் முடிந்து எதிரி தரப்புச் சாட்சிக்காக வழக்கு போடப்பட்டிருந்த நாளில் புகார்தாரர் வராததற்காக விடுதலை செய்தது தவறு என்றது. அன்று அவர் வந்தாலும் சும்மா உட்கார்ந்துதான் இருந்திருப்பார். 2023-ல் பி.எல்.எஸ். இன்ஃப்ராஸ்ட்ரக்சர் வழக்கிலும், சாட்சியம் பதிவாகிவிட்ட பின் ஆஜராகாமையை மட்டும் வைத்து முடிக்காமல் தகுதியின் அடிப்படையில் தீர்ப்புச் சொல்ல வேண்டும் என்றே கூறப்பட்டது. தங்கள் வழக்கோ குறுக்கு விசாரணைக்காகப் போடப்பட்டது. குறுக்கு விசாரணை செய்யப்பட வேண்டிய சாட்சியே தாங்கள்தான். ஆகவே தாங்கள் அன்று தேவைப்படவில்லை என்று எழுதினால், எதிர்த்தரப்பு வக்கீல் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டே மேல்முறையீட்டை அடித்துவிடுவார்.

தங்கள் பலம் வேறு இடத்தில் இருக்கிறது. ஒரே ஒரு நாள் வராததற்காக விடுதலை செய்து, போதிய காரணம் காட்டிய பிறகும் திரும்ப எடுக்க மறுத்ததை மிகக் கடுமையான, நியாயமற்ற அணுகுமுறை என்று 2002-ல் உச்ச நீதிமன்றம் ஒரு காசோலை வழக்கில் கண்டித்திருக்கிறது. இத்தனைக்கும் அந்தப் புகார்தாரர் சொன்ன காரணம் வாய்தா தேதியைத் தவறாகக் குறித்துக்கொண்டது மட்டுமே. தங்களிடம் மருத்துவமனைச் சேர்க்கைச் சீட்டு இருக்கிறது, காலையில் அனுப்பிய குறுஞ்செய்தி இருக்கிறது, ஏழு முறை தயாராக வந்து நின்ற பதிவு இருக்கிறது. அந்த ஏழு முறையும் அவகாசம் வாங்கியது எதிர்த்தரப்பு. இழுத்தடிப்பவர் புகார்தாரராக இருந்தால்தான் 256-ஆம் பிரிவு வாளாகப் பாய வேண்டும். இங்கே இழுத்தடித்தது யார் என்பதை அந்த நோட்டில் எழுதிய பட்டியலே சொல்லும். அதை ஓர் அட்டவணையாக்கி மேல்முறையீட்டு மனுவிலேயே சேர்க்கச் சொல்லுங்கள்.

ஆகஸ்ட் 21-ஆம் தேதிக்கான நாட்குறிப்பின் சான்றிட்ட நகலையும் தனியாகக் கேட்டு வாங்குங்கள். செயலியில் வருவது சுருக்கம்தான்.

ஓய்வு பெற்ற நீதிமன்ற எழுத்தர்

நான் முப்பது வருடத்துக்கும் மேலாக நீதிமன்ற அலுவலகத்தில் நகல் பிரிவு உட்படப் பல இருக்கைகளில் பணியாற்றியவன். சட்ட வாதத்தை வழக்கறிஞர் அம்மா சொல்லிவிட்டார்கள். நான் நாட்கணக்கு பற்றி மட்டும் சொல்கிறேன். நல்ல வழக்குகள் பெரும்பாலும் இங்கேதான் தவறுகின்றன.

நகல் மனுப் போட்ட நாள் முதல் நகல் தயாரான நாள் வரை உள்ள காலத்தைக் கெடுவிலிருந்து கழித்துக்கொள்ளலாம். ஆனால் மனுப் போடுவதற்கு முன் வீணான நாட்கள் தங்கள் கணக்கில்தான் விழும். நகலுக்கான முத்திரைத் தாள் கேட்டு அறிவிப்புப் பலகையில் போட்டும் கட்டாமல் விட்டால், அந்தத் தாமதமும் தங்கள் தலையில்தான். எனவே தினமும் ஒருமுறை அலுவலகத்தில் எட்டிப் பாருங்கள், அல்லது வக்கீல் குமாஸ்தாவைப் பார்க்கச் சொல்லுங்கள். நகலின் பின்பக்கத்தில் மனு செய்த தேதி, தாள் கேட்ட தேதி, தாள் கொடுத்த தேதி, நகல் தயாரான தேதி, வழங்கிய தேதி என்று வரிசையாக முத்திரை இருக்கும். வாங்கும்போதே எல்லாக் கட்டங்களும் நிரப்பப்பட்டிருக்கின்றனவா என்று பார்த்துவிடுங்கள். ஒரு கட்டம் வெறுமையாக இருந்ததால் மேல்முறையீட்டு மனு திருப்பி அனுப்பப்பட்டதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன்.

மதுரை வழக்கறிஞர்

எழுத்தர் ஐயா சொன்னது பொன்னான யோசனை. அதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். அறுபது நாள் என்பது உயர் நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி கேட்பதற்கான கெடு. பாதிக்கப்பட்டவருக்கு உரிமை தரும் 372-ஆம் பிரிவின் வரம்புரையில் நாட்கணக்கு எதுவும் எழுதப்படவில்லை. ஆனால் அமர்வு நீதிமன்றத்துக்குச் செல்லும் சாதாரணக் குற்றவியல் மேல்முறையீட்டுக்குக் காலவரையறைச் சட்டம் முப்பது நாள் தருகிறது. ஆகவே நகலுக்கான நாட்களைக் கழித்து முப்பது நாளுக்குள் தாக்கல் செய்துவிடுங்கள். அப்போது எந்தக் கணக்கு சரி என்ற வாதத்துக்கே இடமிருக்காது. அதையும் தாண்டிவிட்டவர்கள் மனம் தளர வேண்டாம். தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவை ஒவ்வொரு நாளுக்கும் காரணம் சொல்லித் தாக்கல் செய்யலாம்.

இன்னொரு விஷயம். 143ஏ பிரிவின்படி இடைக்கால இழப்பீடு ஏதாவது வாங்கியிருந்தால் உடனே சொல்லுங்கள். காசோலைத் தொகையில் இருபது சதவீதம் வரை விசாரணையின்போதே வாங்கித் தர அந்தப் பிரிவு வழிசெய்கிறது. எதிரி விடுதலையானால், அறுபது நாளுக்குள் வட்டியுடன் அதைத் திருப்பிக் கொடுக்க நீதிமன்றம் உத்தரவிட வேண்டும் என்றும் அதே பிரிவு சொல்கிறது.

கரூர் ஜவுளிக்காரர்

இடைக்கால இழப்பீடு எதுவும் வாங்கவில்லை அம்மா. தனியாகச் சிவில் வழக்கும் போடவில்லை. காசோலை வழக்கே போதும் என்று நினைத்து அப்போது விட்டுவிட்டேன். இப்போது மூன்று வருடக் கெடுவும் முடிந்துவிட்டது. இந்தப் பணத்துக்கு எனக்கு மிஞ்சியிருப்பது இந்த ஒரு வழக்குதான்.

செப்டம்பர் 9-ஆம் தேதி நகல்கள் கைக்கு வந்தன. எழுத்தர் ஐயா சொன்னபடி பின்பக்கத்தை முதலில் பார்த்தேன், எல்லாக் கட்டங்களும் நிரம்பியிருந்தன. உத்தரவு மொத்தம் மூன்று வரி. "புகார்தாரர் அழைக்கப்பட்டார், ஆஜரில்லை. மனு ஏதும் இல்லை. எனவே 256-ஆம் பிரிவின்படி எதிரி விடுதலை செய்யப்படுகிறார்" என்று இருக்கிறது.

ஆனால் நாட்குறிப்பு நகலைப் படித்தபோது என் கண்களையே நம்ப முடியவில்லை. அதே நாளில் எதிரியும் ஆஜராகவில்லை. அவர் வராததை மன்னிக்கக் கோரி 317-ஆம் பிரிவின்படி அவருடைய வக்கீல் மனுக் கொடுத்து, அந்த மனு அனுமதிக்கப்பட்டிருக்கிறது. அதற்கு அடுத்த வரியில்தான் நான் இல்லை என்பதும் அவருடைய விடுதலையும் எழுதப்பட்டிருக்கின்றன. வராத எதிரிக்கு விலக்கு, வராத புகார்தாரருக்கு வழக்கே முடிவு. இதை எப்படிப் புரிந்துகொள்வது?

மதுரை வழக்கறிஞர்

ஐயா, இதைத்தான் நான் தேடிக்கொண்டிருந்தேன். எதிரியின் வக்கீல் அன்று நீதிமன்றத்தில் இருந்திருக்கிறார், எனவே தாங்கள் வந்திருந்தால் குறுக்கு விசாரணை நடந்திருக்கும் என்று அவர்கள் சொல்ல முடியும். ஆனால் தாங்கள் வராததால் எதிரி அலைக்கழிக்கப்பட்டார் என்று மட்டும் அந்த நாளைப் பற்றிச் சொல்ல முடியாது. எதிரியைப் பாதுகாக்க வந்த சட்டப் பிரிவு, எதிரியே வராத நாளில் யாரைப் பாதுகாத்தது? அந்த இரண்டு வரிகளையும் அடுத்தடுத்து அப்படியே எடுத்து மேல்முறையீட்டு மனுவின் முதல் காரணமாக வையுங்கள். வர்ணனை எதுவும் வேண்டாம். நடுவரைக் குறை சொல்லும் சொல் ஒன்றுகூட இருக்கக் கூடாது. ஒரே நாளில் பல வழக்குகளைக் கூப்பிட வேண்டிய நீதிமன்றம் அது என்பதை மேல்முறையீட்டு நீதிபதியும் அறிவார்.

உத்தரவின் மூன்று வரியில், தள்ளிவைப்பது பொருத்தமா என்று யோசித்ததாக ஒரு சொல்லும் இல்லை. இது இரண்டாவது காரணம். முந்தைய ஏழு வருகைகள் மூன்றாவது. தாயாரின் மருத்துவ ஆவணம் நான்காவது. ஜூனியர் பன்னிரண்டு மணிக்குக் கொண்டுவந்த மனு வாங்கப்படாமல் திரும்பியிருந்தால், அதைத் தங்கள் வக்கீல் தம் பிரமாண வாக்குமூலமாகவே தரட்டும். வக்கீலின் தாமதத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று வாதிட அது உதவும். இதைக் கேட்க அவர் வருத்தப்படலாம், இருந்தாலும் கேளுங்கள்.

கோரிக்கைப் பகுதியிலும் கவனம் வேண்டும். எதிரிக்குத் தண்டனை கொடுங்கள் என்று கேட்காதீர்கள். கீழே எந்தத் தீர்மானமும் இல்லாதபோது மேலே தண்டனைக்கு இடமில்லை. விடுதலை உத்தரவை ரத்து செய்து, குறுக்கு விசாரணைக் கட்டத்திலிருந்தே வழக்கைத் தொடரும்படி நடுவருக்குத் திருப்பி அனுப்ப வேண்டும் என்று கேளுங்கள். 386-ஆம் பிரிவு மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரத்தைத் தருகிறது. திருப்பி அனுப்பும்போது எதிரிக்குச் செலவுத் தொகை கொடுக்கும்படி தங்களுக்கு உத்தரவாகலாம். நாமக்கல் வாசகர் சொன்ன நியாயம் அதில் இருக்கிறது என்பதால் மறுக்காமல் கட்டிவிடுங்கள்.

நாமக்கல் வாசகர்

எதிரியும் அன்று வரவில்லை என்பதை அறிந்த பிறகு என் கருத்தை மாற்றிக்கொள்கிறேன். வாசலில் காத்து நின்றவனுக்காகத்தான் நான் பேசினேன். கரூர் ஐயாவுக்கு நியாயம் கிடைக்கட்டும். ஒரு வேண்டுகோள்: வழக்கு திரும்ப வந்தால், தாங்கள் வர முடியாத நாட்களுக்கு வேறொருவரை ஏற்பாடு செய்ய முடியுமா என்று பாருங்கள்.

மதுரை வழக்கறிஞர்

அதற்கு வழி இருக்கிறது. விவகாரத்தை நேரடியாக அறிந்த ஒருவருக்கு அதிகாரப் பத்திரம் கொடுத்து அவர் மூலம் வழக்கை நடத்தலாம் என்று 2013-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சரக்கு ஏற்றிய நாளில் உடனிருந்த மகனோ கணக்கரோ இருந்தால் அவர் பொருத்தமானவர். எதுவும் தெரியாத ஒருவரைக் கூண்டில் ஏற்றினால் குறுக்கு விசாரணையில் அவர் தடுமாறுவார். ஆனால் இங்கே தாங்களே சாட்சியம் கொடுத்திருப்பதால், குறுக்கு விசாரணைக்குத் தாங்கள்தான் நிற்க வேண்டும். மற்ற வாய்தாக்களுக்கு மகன் போகலாம்.

கரூர் ஜவுளிக்காரர்

அனைவருக்கும் தகவல் தெரிவிக்கக் கடமைப்பட்டுள்ளேன். செப்டம்பர் 29-ஆம் தேதி கரூர் அமர்வு நீதிமன்றத்தில் மேல்முறையீடு தாக்கல் செய்தோம். நகலுக்கான பதினாறு நாட்களைக் கழித்தால் அது இருபத்து மூன்றாவது நாள். தாமத மனு தேவைப்படவில்லை. சிறப்பு அனுமதி இல்லாமல் எப்படி இங்கே போடலாம் என்று அலுவலகத்தில் முதலில் கேட்டார்கள். என் வக்கீல் 2025 ஏப்ரல் தீர்ப்பின் நகலை இணைத்துக் கொடுத்த பிறகு எண் இட்டார்கள். அவர் தம் வாக்குமூலத்தையும் மறுக்காமல் கொடுத்தார். அன்று தாம் வராதது தம் மனத்தை உறுத்துகிறது என்றும் சொன்னார்.

முதல் வாய்தாவில் நீதிபதி நாட்குறிப்பு நகலைக் கையில் வாங்கி, அந்த இரண்டு வரிகளையும் மெதுவாகப் படித்தார். எதுவும் சொல்லாமல் எதிரிக்கு நோட்டீஸ் அனுப்ப உத்தரவிட்டு, நவம்பருக்குத் தள்ளிவைத்தார். தாயார் இப்போது கைத்தடி ஊன்றி நடக்கிறார். நவம்பர் வாய்தா அன்று அவரைப் பார்த்துக்கொள்ளத் தங்கை வருவதாகச் சொல்லியிருக்கிறாள். நான் முதல் நாளே வேலைகளை முடித்துவிட்டு, காலை ஒன்பதரை மணிக்கே நீதிமன்றத்தில் இருப்பேன்.